கதவை அடைப்பதும் இரக்கமா?

விலங்குப் புகலிடமொன்றின் வாசலில் நனைந்த பூனைக்குட்டியொன்று கத்துகிறது. உள்ளேயோ கூடுகள் நிறைந்துவிட்டன. பொறுப்பாளர் நீங்களாயின் என்ன செய்வீர்கள்? ‘பாவம், இதையும் சேர்ப்போம்’ என்றே மனம் சொல்லும்.

ஆனால், பன்லூக்கோபீனியா என்னும் கொடிய வைரசு, நோய்க்குறி தோன்றுமுன்னரே அக்குட்டியின் உடலில் இருக்கக்கூடும். கூட்டிலும் துணியிலும் அது ஓராண்டு வரை தங்கியிருக்கும். வெறும் சவர்க்காரத்துக்கு அழியாது. நெரிசல் தரும் அச்சமோ, அடங்கிக் கிடந்த தடிமன் நோயையும் எழுப்பிவிடும். ஒன்றைக் காக்கப் போய்ப் பலவற்றை இழப்போம்.

அப்படியாயின் விரட்டிவிடுவதா? அதுவுமன்று. வந்த அன்றே தடுப்பூசி, 14 நாள் தனியறை, குளோரின் கரைசலால் துப்புரவு, ஒன்றின் தட்டும் துணியும் மற்றதனிடம் போகாத ஒழுங்கு: இவற்றுக்கு இடமுள்ள அளவே ஏற்க வேண்டும். மிஞ்சியதற்குப் பூனையில்லாத வீடொன்றைத் தேட வேண்டும்.

வாசலில் நிற்பது கண்ணில் படுகிறது; உள்ளே இருப்பவையோ நம்மை நம்பிக் கிடக்கின்றன. இரு பக்கத்தையும் எண்ணிப் பார்ப்பதே முழுமையான இரக்கம். கதவை அடைத்தவரைக் கடிந்துகொள்ளுமுன், இரு வாரங்களுக்கு உங்கள் வீட்டில் ஒரு மூலை உண்டா என்று பாருங்கள்.