மௌனம் அமைதியாகுமா?

சமூகத்திற் பூசல் எழும்போதெல்லாம் அமைதி வேண்டுமென்ற குரலே முதலிற் கேட்கின்றது. ஆயின், அக்குரல் யாரை நோக்கி எழுகின்றதென்பதை நாம் ஆராய்வதில்லை. அநீதி இழைத்தவனை விட்டு, அதனைப் பொறாது வாய்திறந்தவனையே அது பெரும்பாலும் அடக்க முனைகின்றது.

இதற்குச் சான்று தேடித் தொலைதூரஞ் செல்ல வேண்டியதில்லை. யாழ்ப்பாணச் சமூக வரலாறே போதும். 1957ஆம் ஆண்டின் சமூகக் குறைபாடுகள் ஒழிப்புச் சட்டம், சாதி காரணமாக ஒருவரைக் கோயிலிலோ கடையிலோ தடுப்பதைக் குற்றமாக்கியது. எனினும், அதன் பின்னரும் கோயிற் கதவுகள் பலவும் தேநீர்க்கடைகள் பலவும் ஒடுக்கப்பட்ட மக்களுக்கு அடைபட்டே கிடந்தன. அக்காலத்தை அமைதிக் காலமெனக் கூறுவாருமுளர். 1966 ஒக்டோபர் 21இற் சுன்னாகத்திலிருந்து யாழ்ப்பாணம் நோக்கிச் சென்ற ஊர்வலமும், தேநீர்க்கடைப் போராட்டங்களும், 1968இல் மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயில் வாயிலில் நிகழ்ந்த சத்தியாக்கிரகமும் அவ்வமைதியைக் குலைத்தன என்பர். உண்மையில், நெடுங்காலம் ஒரு சாரார் மட்டுமே சுமந்த பூசல் அப்போதுதான் மற்றையோர் கண்ணுக்கும் புலனாயிற்று.

மாவிட்டபுரத்தில் ஆலயப் பிரவேசத்தை எதிர்த்து முன்னின்றவர், கணிதப் பேராசிரியராகவும் அமைச்சராகவும் விளங்கிய சி. சுந்தரலிங்கம். கல்வி தானாகவே நீதியுணர்வைத் தந்துவிடாதென்பது பல்கலைக்கழகத்தார் மனங்கொள்ளத்தக்கது.

மனங்கள் மாறிய பின்னர் கதவுகள் தாமே திறக்கும் என்பது ஒரு வாதம். சட்டம் எவரையும் அன்புகொள்ளச் செய்யாதென்ற அளவில் அதில் உண்மையுண்டு. ஆயின், பொறுத்திருக்குமாறு கூறுபவன் உள்ளே நிற்கின்றான். பொறுத்திருப்பவனோ வெளியே நிற்கின்றான். மனமாற்றத்துக்கான காலத்தை வெளியே நிற்பவனின் வாழ்நாளிலிருந்தே எடுப்பது எவ்வாறு அறமாகும்? மேலும், சமமாக அருகிருந்து பழகாத மனம் எவ்வாறு மாறும்?

2009இற் போர் ஓய்ந்தபோது, துப்பாக்கிகளின் மௌனமே சமாதானமென நமக்குக் கூறப்பட்டது. நாம் அதனை ஏற்கவில்லை. காணாமலாக்கப்பட்டோரின் உறவினர் 2017இற் கிளிநொச்சியில் தொடங்கிய தொடர் போராட்டம், உண்மையும் பொறுப்புக்கூறலுமின்றி அமைதியில்லை என்பதையே உணர்த்திற்று. அது நியாயமான கோரிக்கை. ஆனால், அரசை அளக்கும் அதே கோலால் நம் ஊர்க் கோயிலையும், கிணற்றையும், திருமணப் பேச்சையும் அளக்க நாம் ஒருப்பட வேண்டும். அவ்வாறு அளக்க அஞ்சும்வரை, நாம் பிறரிடம் கேட்பது நீதியாகாது, நமக்கான சலுகையேயாகும்.