மகிழ்வித்தவருக்கு நாம் பட்ட கடன்

கடலூரிலிருந்து சிதம்பரம் செல்லும் சாலையில், சிப்காட் ஆலைகளின் புகைபோக்கிகளை அடுத்து, உப்பனாற்றின் பக்கமாக அமைந்துள்ள ஊர் குடிகாடு. மாலை வேளையில் அங்கே இளைஞர்கள் பந்து உதைப்பதை வழிப்போக்கராக நின்று பார்ப்பது நமது வழக்கம். காற்று எந்த ஆலைப் பக்கமிருந்து வீசுகிறது என்பதை மூக்கே சொல்லிவிடும். ஆட்டம் மட்டும் நிற்பதில்லை. பார்ப்பவர் பத்துப்பேர் இருந்தாலும், அந்த அரைமணி நேரம் அவர்கள் தம் கவலைகளை மறந்திருப்பர். அவ்வாறு நின்ற ஒரு மாலையில், காலஞ்சென்ற காலியா குலோத்துங்கனின் நினைவு வந்தது. இந்த இளைஞருள் எத்தனை பேர் அப்பெயரைக் கேட்டிருப்பர் என்ற ஐயமும் உடன் எழுந்தது.

குலோத்துங்கன் தஞ்சையைச் சேர்ந்தவர். தில்லைத் திருப்பணிகளோடு சேர்த்துப் பேசப்படும் சோழ வேந்தரின் பெயரைத் தாங்கியவர். சந்தோஷ் கோப்பைப் போட்டிகளில் தமிழ்நாட்டு அணிக்குத் தலைமையேற்றவர். கொல்கத்தாவின் ஈஸ்ட் பெங்கால், மோகன் பகான், முகமதன் ஸ்போர்ட்டிங் ஆகிய மூன்று பெருங்கழகங்களுக்காகவும் ஆடியவர். வங்கத்தில் பிறந்த ஆட்டக்காரருக்கே அரிதாக வாய்க்கும் பேறு அது. 2003 ஜூலை 26 அன்று ஜகார்த்தா நகரில் ஈஸ்ட் பெங்கால் அணி, தாய்லாந்தின் பெக் தெரோ சாசனா அணியை 3-1 என்று வென்று ஆசியான் கழகக் கோப்பையைக் கைப்பற்றியபோது, அந்த அணியில் அவரும் ஒருவர். அன்று கோல் அடித்த மூவர் மைக் ஒகோரோ, பாய்ச்சுங் பூட்டியா, ஆல்விட்டோ டி'குன்ஹா. குலோத்துங்கன் நடுக்கள ஆட்டக்காரர். பின்னிருந்து வரும் பந்தை வாங்கி முன்னிருப்பவனுக்குக் கொடுப்பது அவர் பணி. அப்பணியைப் பதிந்து வைக்க அன்றைய கணக்கேட்டில் இடம் இருந்ததில்லை.

2018 அக்டோபர் 20 அன்று தஞ்சையில் நேர்ந்த இருசக்கர வாகன விபத்தில் அவர் உயிர் பிரிந்தது. வயது நாற்பதை ஒட்டியது. ஆட்டத்துக்கு அது முதுமை, வாழ்வுக்கோ நடுப்பகல். செய்தியைக் கேட்டவர்கள், நாமும்தான், உடனே 2003ஆம் ஆண்டைப் பேசினோம். அதற்கும் இறப்புக்கும் இடைப்பட்ட பதினைந்து ஆண்டுகள் அந்த மனிதர் எவ்வாறு இருந்தார் என்று நம்முள் எவரும் கேட்கவில்லை.

ஓராண்டு கழிந்து வேறொரு மரணம். பாலக்காட்டைச் சேர்ந்த தனராஜனும் கொல்கத்தாவின் அதே மூன்று கழகங்களுக்கு ஆடியவர். கேரளத்தில் 'செவன்ஸ்' எனப்படும் எழுவர் ஆட்டம் கோடைத் திருவிழாக்களைப்போல் கூட்டம் சேர்ப்பது. பெரிய கழகங்களில் ஆடி ஓய்ந்தவர்களும் அங்கே ஆடுவதுண்டு. 2019 டிசம்பர் 29 அன்று பெரிந்தல்மண்ணையில் அத்தகைய ஆட்டமொன்றில் அவர் களத்திலேயே சாய்ந்தார், மீளவில்லை. அவருடைய குடும்பத்துக்கு உதவும் பொருட்டு, 2020 ஜனவரியில் பாலக்காட்டு நூறணியில் ஓர் ஆட்டம் ஏற்பாடாயிற்று. பூட்டியாவும் ஐ.எம். விஜயனும் வந்திருந்தனர். ஆட்டம் தொடங்குமுன் தற்காலிகப் பார்வையாளர் மேடை சரிந்து பலர் காயமுற்றனர். நன்மனத்தோடு கூடியவர்களைக் குறைகூற நாம் முன்வரவில்லை. ஆனால் ஒரு கேள்வி உள்ளத்தை விட்டு அகலவில்லை. இருபதாண்டுக் காலம் பிறரை மகிழ்வித்த ஒருவனின் மனைவி மக்கள், அவன் இறந்தபின் இரக்கத்தால் பெறத்தக்கது என்ன, நீதியால் பெறத்தக்கது என்ன?

இக்கேள்வி நமக்கே உரியதன்று. 1907 ஏப்ரலில் தாமஸ் பிளாக்ஸ்டாக் என்னும் ஆட்டக்காரர், மான்செஸ்டர் யுனைடெட் கழகத்தின் இரண்டாம் அணிக்காக ஆடும்போது, பந்தைத் தலையால் முட்டிய பின் சரிந்து இறந்தார். அவருக்கு வயது இருபத்தைந்து. இயற்கை மரணம் என்று விசாரணை முடிந்தது. குடும்பத்துக்கு இழப்பீடு கிட்டவில்லை. அவ்வாண்டு டிசம்பரில் அந்நகரில் கூடிய ஆட்டக்காரர்கள் தமக்கென ஒரு சங்கம் கண்டதற்கு அச்சாவும் ஒரு காரணம். அவர்கள் கேட்டது பிச்சையன்று.

குருமடத்தில் நாம் படித்த காலத்தில், அக்குவினோ தோமையாரின் 'இறையியல் தொகுப்பில்' விளையாட்டைப் பற்றியும் ஒரு வினா உண்டென்பது எங்களுக்கு வியப்பாயிருந்தது. நற்செய்தியாளர் யோவான் தம் சீடரோடு விளையாடியதைக் கண்டு ஒருவர் முகஞ்சுளித்ததாகவும், வில்லை ஓயாது வளைத்தால் முறிந்துபோகும் என்று அவர் உணர்த்தியதாகவும் வரும் பழங்கதையை அங்கே தோமையார் எடுத்தாள்கிறார். தேர்வுக்காக அதை மனப்பாடம் செய்தோம். அதையடுத்த பகுதியின் ஒரு மறுமொழியை அன்று கவனியாது விட்டோம். மக்களுக்கு மகிழ்வூட்டும் கூத்தரின் தொழில் தன்னளவில் பழுதற்றது என்றும், அளவறிந்து அவர்களை ஆதரிப்போர் செய்வது அவர்தம் பணிக்கு உரிய ஊதியம் அளிக்கும் நீதிச்செயல் என்றும் அங்கே சொல்லப்படுகிறது. ஈகை என்று அவர் சொல்லவில்லை.

இதற்கு ஒரு மறுப்பு எழும், எளிதில் தள்ளத்தக்கதன்று. கூத்தனுக்குக் கூலி பேசி அழைக்கிறோம். இளைஞனோ தன் ஆசைக்காக ஆடுகிறான். நாம் கேளாமலே அவன் தந்த மகிழ்ச்சிக்கு நாம் எப்படிக் கடனாளி ஆவோம்? சட்டக் கடன் இல்லை என்பது சரியே. எனினும் நன்றியைத் தோமையார் நீதியோடு இணைந்த நற்பண்பாகவே வைக்கிறார். வள்ளுவரும், முன் ஓர் உதவியும் பெறாதிருந்தே ஒருவர் செய்த உதவியை எல்லாவற்றுக்கும் மேலாக வைக்கிறார். கேளாமல் கிடைத்தது என்பதால் கடன் குறைவதில்லை. எவ்வளவு என்று அளக்க முடியாமல் போகிறது, அவ்வளவே.

இதை எழுதும் உரிமை நமக்கு உண்டா என்பது ஐயமே. சில ஆண்டுகளுக்கு முன் நம் பங்கின் திருவிழாவையொட்டி நடந்த கால்பந்துப் போட்டியில், கடல்தொழில் செய்யும் வீட்டு இளைஞன் ஒருவனுக்குக் கால்மூட்டு ஜவ்வு கிழிந்தது. மருத்துவச் செலவில் ஒரு பகுதியைக் கொடுத்தோம். அவ்வாண்டுத் திருவிழாக் கணக்கை ஞாயிறு திருப்பலிக்குப் பின் வாசித்தபோது, மேளம், ஒலிபெருக்கி, வாணவேடிக்கை, தேர் அலங்காரம் யாவும் 'செலவு' என்ற தலைப்பில் வந்தன. அவனுக்குக் கொடுத்தது 'தர்மம்' என்று வந்தது. எழுதியவர் நாமே.

மறுநாள் அவன் தாயார் வந்தார். குரலில் கோபமில்லை.

"சாமி, நீங்க செஞ்சத நாங்க மறக்க மாட்டோம். ஆனா மேளக்காரருக்குக் குடுத்தது செலவு, எம் புள்ளைக்குக் குடுத்தது தர்மமா? அவனும் ஊரு சந்தோஷத்துக்குத்தான சாமி ஆடினான்?"

நாம் என்ன மறுமொழி சொன்னோம் என்பது நினைவில்லை. ஏதோ சமாதானம் சொல்லியிருப்போம். அந்த இளைஞன் பின்னர் பந்தைத் தொடவில்லை. இன்று ஆலை ஒன்றில் ஒப்பந்தக் கூலியாக இருக்கிறான்.

அடுத்த ஆண்டு, போட்டியில் அடிபடுவோருக்கென ஒரு தொகையை முன்கூட்டியே ஒதுக்க வேண்டும் என்று பங்குப் பேரவையில் சொன்னோம். அடிபடாவிட்டால் பணம் என்னாவது என்று ஒருவர் கேட்டார். நீண்ட பேச்சுக்குப் பின் ஒப்புக்கொண்டனர். கணக்கேட்டில் 'செலவு' என்ற தலைப்பின்கீழ், மேளத்துக்கும் வாணவேடிக்கைக்கும் இடையே 'ஆட்டக்காரர்' என்று ஒரு வரி இப்போது இருக்கிறது. தொகை வாணவேடிக்கைக்குக் கொடுப்பதில் பாதிகூட இல்லை.