நோய் போன பின்னும் ஊசி வேண்டுமா?



நம் கோயிலில் அபிஷேகத்துக்குக் குடம் எடுத்துக் கொடுக்கும் ஆண்கள் மேல்சட்டை இல்லாமல் வரிசையில் நிற்பது வழக்கம். சென்ற ஆடி மாதம் அப்படி நின்றபோது ஒரு விஷயம் என் கண்ணில் பட்டது. ஊரிலிருந்து வந்தவர்களில் ஐம்பது வயதைத் தாண்டியவர்கள் கையிலெல்லாம் காசு அளவுக்கு ஒரு வட்டத் தழும்பு இருந்தது. சிலருக்கு இரண்டு. அவர்களுக்கு அடுத்து நின்ற இளைஞர்களின் கை வழவழவென்று இருந்தது. "தாத்தா, உங்கள் எல்லோருக்கும் இது எப்படி வந்தது?" என்று ஒரு இளைஞன் கேட்டான். பெரியம்மைக்காக அம்மை குத்திய தழும்பு என்று சொன்னேன். ஆனால் அவனிடம் சொல்லாமல் விட்ட ஒரு கதை இருக்கிறது. அதில் நான் செய்த ஒரு பிழையும் இருக்கிறது. அதை முன்வைத்து ஒரு தர்ம விசாரம் செய்து பார்க்கலாம் என்றுதான் இந்த இதழுக்கு எழுத உட்கார்ந்தேன்.

நான் சென்னையில் வளர்ந்தவன். அம்மை குத்துகிறவர் தெருமுனைக்கு வந்துவிட்டார் என்று தெரிந்தால் பிள்ளைகள் கட்டிலுக்கு அடியில் ஒளிவோம். என் அத்தை ஒருத்திக்குச் சிறு வயதில் வைசூரி போட்டு ஒரு கண் போய்விட்டது. முகமெல்லாம் குழி குழியாக வடு. கடைசி வரை அவளுக்குக் கல்யாணம் ஆகவில்லை. "அம்மா விளையாடிவிட்டாள்" என்று மட்டும் பாட்டி சொல்வாள். அத்தை அதைக்கூடச் சொன்னதில்லை. என்னைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய் ஊசி போட வைத்தவள் அவள்தான்.

(பெரியம்மை போய் இத்தனை வருடம் ஆகியும் மாரியம்மனுக்குக் கூழ் ஊற்றுவதை யாரும் நிறுத்தவில்லை. நம்மவர்கள் வெறும் பயத்தினால் மட்டும் அவளைக் கும்பிடவில்லை என்பதற்கு அதுவே போதும் என்று எனக்குத் தோன்றும்.)

சென்னை தண்டையார்பேட்டை தொற்றுநோய் மருத்துவமனையில் பணியாற்றிய டாக்டர் ஏ. ராமச்சந்திர ராவ், 1960களில் தாம் கண்ட நோயாளிகளைப் பற்றி 1972-இல் ஒரு புத்தகம் எழுதினார். அதில் ஏறத்தாழ 7,000 பேரின் கணக்கு இருக்கிறது. தடுப்பூசியே போடாதவர்களில் நூற்றுக்கு 35 பேருக்கு மேல் இறந்திருக்கிறார்கள். எப்போதோ ஒரு முறை போட்டுக்கொண்டவர்களில் நூற்றுக்கு 6 பேர். இந்த இரண்டு எண்களைப் பார்த்த யாரும் அன்றைய சென்னையில் ஊசி வேண்டுமா, வேண்டாமா என்று விவாதம் செய்யமாட்டார்கள். என் அத்தைக்கு இந்தக் கணக்கும் தேவைப்படவில்லை.

இனி என் பிழைக்கு வருகிறேன்.

2003-ஆம் வருடம் ஆரம்பம். 2001 செப்டம்பரில் நடந்ததையும், அதைத் தொடர்ந்து ஆந்திராக்ஸ் பொடி தபாலில் வந்ததையும் இந்த நாட்டில் இருந்தவர்கள் மறந்திருக்க முடியாது. அடுத்தது பெரியம்மையாக இருக்கலாம் என்ற பேச்சு எங்கும் இருந்தது. 2002 டிசம்பரில் ஜனாதிபதி புஷ் ஒரு திட்டத்தை அறிவித்தார். ராணுவத்தினரில் ஏறக்குறைய 5 லட்சம் பேருக்குக் கட்டாயமாகவும், மருத்துவமனை ஊழியர்களில் அதே அளவு பேருக்கு அவரவர் விருப்பத்தின் பேரிலும் பெரியம்மைத் தடுப்பூசி போடுவது என்பது திட்டம். நோய் ஒருவேளை வந்தால் முதலில் ஓடிப்போய்ப் பார்க்க வேண்டியவர்கள் அவர்கள் அல்லவா? அதே மாதம் அவரும் போட்டுக்கொண்டார். அவர் குடும்பத்தார் போட்டுக்கொள்ளவில்லை.

நம் சங்கத்தில் செவிலியராக இருக்கும் ஒரு பெண் என்னிடம் வந்தாள். என்னை மாமா என்றுதான் கூப்பிடுவாள். "மாமா, ஆஸ்பத்திரியில் பேர் கேட்கிறார்கள். கொடுக்கட்டுமா?" என்றாள். நான் ஒரு நிமிடம்கூட யோசிக்கவில்லை. "இதில் கேட்க என்னம்மா இருக்கிறது? எங்கள் காலத்தில் இதற்காகக் காத்துக் கிடந்தார்கள். போட்டுக்கொள்" என்றேன். அத்தையின் முகம் அப்போது என் கண் முன்னால் இருந்தது. இரண்டு வாரம் கழித்து அந்தப் பெண் திரும்பி வந்தாள். அவள் பெயரை நீக்கிவிட்டார்கள். வீட்டில் யாருக்காவது கரப்பான் உண்டா என்று படிவத்தில் ஒரு கேள்வி. அவளுடைய மூன்று வயதுப் பிள்ளைக்கு முழங்கை மடிப்பிலும் கழுத்திலும் கரப்பான். "அந்தக் கேள்வி இல்லாமல் இருந்திருந்தால் என்ன ஆகியிருக்கும், மாமா?" என்று கேட்டாள். அவள் கை நடுங்கியது. எனக்குப் பதில் தெரியவில்லை. அதற்குப் பிறகுதான் இதைப் பற்றித் தேடிப் படிக்க ஆரம்பித்தேன்.

அந்தப் பழைய தடுப்பூசி மற்ற ஊசிகளைப் போன்றதல்ல. அதில் இருப்பது பெரியம்மைக் கிருமி இல்லை. அதன் உறவான வேறொரு கிருமி, உயிரோடு இருப்பது. குத்திய இடத்தில் கொப்புளம் வந்து, பழுத்து, பக்கு உதிர இரண்டு மூன்று வாரம் ஆகும். அதுவரை அந்தப் புண்ணைத் தொட்டவருக்கும் அது ஒட்டும். நல்ல உடம்பானால் பெரும்பாலும் ஒன்றும் ஆகாது. கரப்பான் உள்ள குழந்தையானால் உடம்பெல்லாம் பரவி உயிருக்கே ஆபத்தாகலாம். ஆகவே, அந்தத் தாய் தன் கையை நீட்டும்போது பிள்ளையின் உடம்பையும் சேர்த்தே நீட்டுகிறாள். 'என் உடம்பு, என் இஷ்டம். பொது நன்மைக்காகத் தியாகம் செய்கிறேன்' என்று சொல்ல இங்கே வழியில்லை. தியாகம் என்ற சொல் தனக்குச் சொந்தமானதைக் கொடுப்பதற்குத்தான் பொருந்தும்.

இப்படிப் படித்துக்கொண்டு போனபோது ஹென்றி கெம்பே என்ற ஒரு டாக்டரைப் பற்றித் தெரிந்துகொண்டேன். ஜெர்மனியில் பிறந்த யூதர். நாஜிகள் காலத்தில் தப்பி அமெரிக்கா வந்தவர். பின்பு டென்வரில் குழந்தை மருத்துவர். ஊசியினால் வரும் அபாயத்துக்கு மருந்தாக, புதிதாக அம்மை குத்திக்கொண்ட ராணுவத்தினரின் இரத்தத்திலிருந்து ஒரு சீரம் எடுத்துப் பயன்படுத்தியவர். 1950களில் சென்னைக்கு வந்து, பெரியம்மை நோயாளிகளின் வீட்டாருக்கு அந்தச் சீரம் கொடுத்து அவர்களைக் காக்க முடியுமா என்று நம் டாக்டர்களோடு சேர்ந்து ஆராய்ந்தவர். என் சிறுவயது ஊரில், என் அத்தைக்கு வந்த நோயைக் கிட்ட நின்று பார்த்தவர் என்று வைத்துக்கொள்ளுங்கள். அவரே 1965-இல், அமெரிக்கக் குழந்தைகளுக்கு இந்த ஊசியை வழக்கமாகப் போடுவதை நிறுத்த வேண்டும் என்று வெளிப்படையாக வாதாடினார்!

முதலில் எனக்கு இது முரண்பாடாகப் பட்டது. பிறகு கணக்கைப் பார்த்தேன். அமெரிக்காவில் பெரியம்மை கடைசியாகப் பரவியது 1949-இல். அதற்குப் பிறகு நோயால் ஒருவரும் சாகவில்லை. ஊசியாலோ ஒவ்வொரு வருடமும் சிலர் செத்தார்கள். 1968-இல் மட்டும் 9 பேர். கோடிக்கு மேற்பட்டவர்களுக்குப் போட்டதில் 9 பேர் என்பது மிகக் குறைவுதான். ஆனால் அந்த 9 பேர் எந்த நோயிலிருந்து காப்பாற்றப்பட்டுச் செத்தார்கள்? கெம்பே சென்னையில் ஊசிக்காரர், டென்வரில் ஊசி வேண்டாதவர். இரண்டு இடத்திலும் அவர் கேட்டது ஒரே கேள்வியைத்தான்: இந்தக் குழந்தைக்கு இன்று எதனால் ஆபத்து அதிகம்? நான் அந்தப் பெண்ணிடம் கேட்கத் தவறிய கேள்வியும் அதுவே. 1950களின் சென்னைக்கு உரிய பதிலை 2003-இல் ஒரு அமெரிக்க ஊரில் எடுத்து நீட்டிவிட்டேன். அமெரிக்கா 1972-இல் வழக்கமான ஊசியை நிறுத்தியது.

உலகிலும் அது விரைவிலேயே தேவையற்றுப் போயிற்று. 1977 அக்டோபரில் சோமாலியாவின் மெர்க்கா நகரில் அலி மாவ் மாலின் என்ற மருத்துவமனைச் சமையல்காரருக்கு வந்ததே இயற்கையாக வந்த கடைசிப் பெரியம்மை. அவர் பிழைத்தார். மறு வருடம் இங்கிலாந்தின் பர்மிங்காமில், ஆராய்ச்சிக்கூடத்திலிருந்து தப்பிய கிருமியால் ஜேனட் பார்க்கர் என்ற பெண்மணி இறந்தார். 1980 மே 8-ஆம் தேதி, நோய் ஒழிந்தது என்று உலக சுகாதார நிறுவனத்தின் சபை அறிவித்தது.

அத்தோடு கதை முடிந்திருக்க வேண்டும். ஆனால் கிருமியை மனிதர்கள் முழுக்க விடவில்லை. அட்லாண்டாவிலும் ரஷ்யாவிலும் இரண்டு இடங்களில் அது குளிரில் உறைந்து இன்னும் இருக்கிறது. அழிப்பதற்கு 1993, 1995, 1999 என்று கெடு வைத்துக்கொண்டே போய்க் கடைசியில் கெடு வைப்பதையும் விட்டுவிட்டார்கள். நோயை ஒழிக்க 100 கோடிக்கும் அதிகமான டோஸ்களைத் தானமாகக் கொடுத்த சோவியத் நாடே அந்தக் கிருமியை ஆயுதமாகவும் தயாரித்தது என்று, அங்கே அந்த வேலையில் இருந்து 1992-இல் அமெரிக்கா வந்த கென் அலிபெக் எழுதியிருக்கிறார். ஒரு கையால் கொடுத்ததை மறு கையால் செய்தது என்ன என்று பார்த்தால் மனித சுபாவம் பற்றி நம் புராணங்கள் சொல்வது மிகையில்லை என்று தெரியும்.

ஆகவே 2002-இல் பயந்தவர்களை நான் முட்டாள்கள் என்று சொல்லமாட்டேன். முன்ஜாக்கிரதை நல்ல குணம்தான். ஆனால் மருத்துவமனை ஊழியர்களில் 40,000 பேருக்கும் குறைவானவர்களே கை நீட்டினார்கள். சிலருக்கு இதயத்தில் அழற்சி உண்டாயிற்று என்று தெரிந்து, 2003 மார்ச்சில் இதய நோயுள்ளவர்கள் போட்டுக்கொள்ள வேண்டாம் என்றார்கள். திட்டம் மெல்ல மங்கிப்போயிற்று. ஈராக்கிலும் பெரியம்மை ஆயுதம் எதுவும் கண்டெடுக்கப்படவில்லை. அந்த ஊழியர்கள் ஏமாளிகளா என்று நண்பர் ஒருவர் கேட்டார். அப்படி எனக்குத் தோன்றவில்லை. மறுத்தவர்களைக் கோழைகள் என்று அன்று சொன்னதுதான் தவறு. என் நாக்கிலும் அந்தச் சொல் வந்து நின்றதை ஒப்புக்கொள்கிறேன்.

2007 மார்ச்சில் சிகாகோவில் ஒரு சம்பவம். போருக்குப் புறப்பட இருந்த ஒரு ராணுவ வீரர் இந்த ஊசி போட்டுக்கொண்டிருந்தார். பயணம் தள்ளிப்போனதால் வீட்டுக்கு வந்து பிள்ளையோடு இருந்தார். பிள்ளைக்கு இரண்டரை வயதுகூட நிரம்பவில்லை. கரப்பான் உண்டு. உடம்பெல்லாம் கொப்புளம் பரவி, 48 நாட்கள் மருத்துவமனையில் கிடந்தது அந்தக் குழந்தை. புதிய மருந்துகளோடு, கெம்பே அன்று தொடங்கி வைத்த அதே வகைச் சீரத்தையும் கொடுத்துக் காப்பாற்றினார்கள். செய்தியைப் படித்த அன்று இரவு எனக்குத் தூக்கமில்லை.

கதையில் இன்னொரு திருப்பமும் உண்டு. பெரியம்மை ஊசி குரங்கம்மையையும் பெருமளவு தடுக்கும். குரங்கம்மை மனிதருக்கு வருவது முதன்முதலில் கண்டறியப்பட்டது 1970-இல், இன்றைய காங்கோவில், 9 மாதக் குழந்தை ஒன்றுக்கு. ஊசி நின்ற பிறகு அங்கே பிறந்த பிள்ளைகளுக்கு அந்தக் காப்பு இல்லை. நோய் வருடத்துக்கு வருடம் பெருகியது. இதற்கிடையில், பெரியம்மை ஆயுதத்துக்குப் பயந்து, உடம்பில் பெருகாத, கரப்பான் உள்ளவரும் போட்டுக்கொள்ளக்கூடிய ஒரு புதிய ஊசியை அமெரிக்கா பெரும் பணம் கொடுத்து வாங்கி வைத்திருந்தது. ஒரு காலத்தில் ஏறத்தாழ 2 கோடி டோஸ்கள். அவற்றில் பெரும்பகுதி பயன்படாமலே காலாவதியாகிவிட்டது என்பது 2022-இல் தெரியவந்தது. அந்த வருடம் குரங்கம்மை பணக்கார நாடுகளுக்கும் வந்தபோது அங்கெல்லாம் ஊசி கிடைத்தது. காங்கோவுக்கு முதல் தொகுதி போய்ச் சேர்ந்தது 2024 செப்டம்பரில், சுமார் ஒரு லட்சம் டோஸ்கள். அதுவரை அங்கே இறந்தவர்களில் பெரும்பாலோர் பிள்ளைகள்.

வராத நோய்க்குப் பயந்து பத்தாயத்தில் பூட்டி வைத்த நெல் மக்கிப்போகிறது. அடுத்த தெருவில் பசி. பூட்டியவனைத் திருடன் என்று சொல்ல முடியாது. அவன் நெல், அவன் பயம். ஆனாலும் நம் ஊரில் அப்படிப்பட்டவனை என்ன சொல்லிப் பேசுவார்கள் என்று உங்களுக்குத் தெரியும். நாமெல்லாம் இங்கே வரி கட்டுகிறவர்கள். அந்தப் பூட்டில் நம் காசும் இருக்கிறது. நான் கெம்பேயின் கேள்வியை இப்படியும் கேட்டுப் பார்க்கிறேன்: 2003-இல் அந்த ஊசியால் யாருக்கு என்ன பயன் இருந்தது? 2023-இல் காங்கோவில் ஒரு குழந்தைக்கு என்ன பயன் இருந்திருக்கும்? முதல் கேள்வியை நான் தாமதமாகவாவது கேட்டுவிட்டேன். இரண்டாவதைக் கேட்க எனக்கு இன்னும் அதிக காலம் ஆயிற்று. காங்கோவில் எனக்கு மாமா என்று கூப்பிட யாரும் இல்லை என்பதைத் தவிர வேறு காரணம் தோன்றவில்லை.

ஆடி மாதம் என் தழும்பைப் பற்றிக் கேட்ட இளைஞன் அந்தச் செவிலியரின் மகன்தான். இப்போது வேலைக்குப் போகிறான். முழங்கை மடிப்பில் கரப்பான் தடம் இன்னும் லேசாகத் தெரிகிறது. அன்று அபிஷேகம் முடிந்ததும் கூழ்ப் பானையை அவனும் நானுமாகத்தான் தூக்கிக்கொண்டு வந்தோம். அவன் அம்மாவுக்கு நான் சொன்ன புத்திமதியை அவனுக்கு இதுவரை யாரும் சொல்லவில்லை. இந்த இதழைப் பார்த்துத்தான் தெரிந்துகொள்வான்.