துக்கத்துக்கு எத்தனை நாள்?

பேசாத படத்தில் ஒரு சௌகரியம் உண்டு. அழுகிறவர்களின் சத்தம் காதில் விழாததால், அவர்கள் அழுகையைப் பற்றி யோசிக்க நமக்கு அவகாசம் கிடைக்கிறது. உக்ரைன் நாட்டு டைரக்டர் அலெக்சாண்டர் டவ்ஷென்கோ 1930-ல் வெளியிட்ட 'பூமி'யைப் பார்த்தபோது எனக்கு அப்படித்தான் ஆயிற்று.

கதை சின்னது. கூட்டுப் பண்ணைக்காகக் கிராமத்துக்கு டிராக்டர் கொண்டுவருகிறான் வாசில். நிலா வெளிச்சத்தில், புழுதிப் பாதையில், தன்னந்தனியாக ஆடிக்கொண்டே வீடு திரும்புகிறவன் சுடப்பட்டு விழுகிறான். தகப்பன் பாதிரியாரை வாசலோடு திருப்பி அனுப்பிவிட்டு, "புது வாழ்வின் பாட்டைப் பாடி என் பிள்ளையை அடக்கம் செய்யுங்கள்" என்று இளைஞர்களைக் கேட்டுக்கொள்கிறான். திறந்த பெட்டியில் போகிறவன் முகத்தை ஆப்பிள் மரக் கிளைகள் தடவிவிடுகின்றன. அவனுக்கு நிச்சயித்திருந்த பெண் வீட்டுக்குள் வெறி பிடித்தவள் போலக் கதறுகிறாள். முடிவில் மழை பெய்கிறது. அவள் வேறொருவன் அணைப்பில் இருக்கிறாள்.

"மழை நிற்பதற்குள் மறந்துவிட்டாளே!" என்றார் உடன் பார்த்த நண்பர். எனக்கு அவள்மேல் கோபம் வரவில்லை. கதறித் தீர்த்தவள் அவள் ஒருத்திதான். மற்றவர்களின் துக்கத்தை மேடை வாங்கிக்கொண்டுவிட்டது.

என்னை உறுத்துவது வேறு. படத்தின் ஆரம்பத்தில் ஒரு கிழவர், தோட்டத்தில், உதிர்ந்த பழங்களுக்கு நடுவே, பழம் ஒன்றைத் தின்றுவிட்டு நிம்மதியாகச் செத்துப்போகிறார். அது பழுத்து உதிர்ந்த சாவு. வாசிலுடையதோ துப்பாக்கி பறித்த சாவு. இரண்டின்மேலும் ஒரே மழையைப் பொழியவிட்டு, பூமி எல்லாவற்றையும் தாங்கிக்கொள்ளும் என்றால் நியாயமாகுமா? சுட்டவன் ஹோமா வயலில் ஓடி, "நான்தான் கொன்றேன்" என்று கத்துகிறான். ஒருவரும் திரும்பிப் பார்க்கவில்லை. அதைத் தண்டனை என்பார்கள். எனக்கென்னவோ, பிரசங்கம் கேட்டுக்கொண்டிருந்தவர்களுக்குச் செத்தவனைப் பற்றி விசாரிக்கவும் நேரமில்லை என்றே பட்டது.

இரண்டு வருஷத்தில், அதே உக்ரைன் கிராமங்களில், கட்டாயக் கூட்டுப் பண்ணையும் தானியப் பறிமுதலும் சேர்ந்து கொண்டுவந்த 1932-33 பஞ்சத்தில் லட்சக்கணக்கானவர்கள் மாண்டார்கள். டவ்ஷென்கோ இதை முன்கூட்டி அறிந்திருக்க முடியாது, நாம் அறிவோம். அந்தச் சாவுகளுக்குப் பாட்டில்லை, முகம் தடவ ஆப்பிள் கிளையும் இல்லை. இப்போது அந்தப் படத்தில் மழை வரும்போது நான் பழங்களைப் பார்ப்பதில்லை; வயலில் கத்துகிறவனைத் திரும்பிப் பார்க்காத முதுகுகளைத்தான் நினைத்துக்கொள்கிறேன்.