வீடும் வீடுபேறும்

அறநெறி பேணும் சிராவகப் பெருமக்களே! தாமிரபரணி கடல்சேரும் இடத்தை அடுத்த காயல்பட்டினத்து இசுலாமிய அன்பர்களின் மார்க்கம் வட்டியையே விலக்குகின்றது. நமக்கு அவ்விலக்கு இல்லையெனினும், கணக்கு அறிதல் கடமையாகும்.

10 லட்சம் ரூபாயை 9 விழுக்காடு வட்டிக்கு 20 ஆண்டுத் தவணையில் பெற்று வீடு கட்டுவோமாயின், மாதந்தோறும் 8,997 ரூபாய் செலுத்துகின்றோம். முதல் தவணையில் 7,500 ரூபாய் வட்டிக்கே போகும். அசலிற் குறைவது 1,497 ரூபாயே. முடிவில் நாம் கொடுத்திருப்பது ஏறத்தாழ 21 லட்சத்து 59 ஆயிரம்!

வினையும் இத்தகையதே. ஊற்று அடைபடாதவரை உதிர்ப்பினால் பயன் சிறிது. ஆதலின், மிகுபொருள் விரும்பாமை என்னும் அணுவிரதம் ஏற்று, கடன் வாங்குமுன்னரே வீட்டின் அளவை வரையறுப்போம், அது செறிப்பு. கைக்கு வரும் மிகுதியை அசலிற் செலுத்துவோம், அது உதிர்ப்பு. கடன் தீர்ந்த இல்லத்தில் தானமும் தவமும் தழைக்கும். வீடுபேற்றை எண்ண மனம் அமையும்.

அறம் வளர்க!