படித்துக் காட்டக் கேட்டேன், சரி

நில எடுப்பு அலுவலகத்தில் நான் எழுத்தராக இருந்த காலத்தில், வாக்குமூலத் தாள்களை விசாரணைக்கு முதல் நாளே தயார் செய்துவிடுவோம். பெயருக்கும் புல எண்ணுக்கும் இடம் விட்டு, நடுவில் 'இழப்பீடு கூடுதலாக வேண்டும்' என்று ஒரு வரி. கடைசியில் 'படித்துக் காட்டக் கேட்டேன், சரி' என்று இன்னொரு வரி. எல்லாம் ஸ்டென்சிலில் உருட்டியது. ஊர்ச் சாவடியில் பத்து மணிக்கு உட்கார்ந்தால் சாப்பாட்டுக்குள் நாற்பது பேரை முடித்துவிடலாம்.

1996 கோடையில், ஒரு புறவழிச்சாலைக்கான விசாரணைக்கு ஓர் ஆயா வந்தார். அவர் நிலத்தில் 43 சென்ட் போகிறது, கிணறும் அதில்தான். கால் மணி நேரம் கிணற்றைப் பற்றியே பேசினார். வீட்டுக்காரர் மூன்று கோடை தோண்டியது, பாறை குறுக்கிட்டு வெடி வைத்தது, முதல் தண்ணீரைச் சொம்பில் மொண்டு குலசாமிக்குக் கொண்டுபோனது. அதிகாரி கடிகாரத்தைப் பார்த்தார். நான் பெயரையும் எண்ணையும் நிரப்பி, அவர் கட்டைவிரலில் மை தடவினேன்.

"நான் சொன்னதெல்லாம் இதுல இருக்கா தம்பி?"

"இருக்கு ஆயா."

ஓய்வுபெற்ற பிறகு திருவெண்ணெய்நல்லூர்க் கோயிலுக்கு அடிக்கடி போகிறேன். ஈசனே வழக்காடிய ஊர் அது. பெரியபுராணம் சொல்லும் கதை நமக்குத் தெரிந்ததுதான். சுந்தரர் திருமணப் பந்தலில் ஒரு கிழவர் நுழைந்து, 'இவன் பாட்டன் எனக்கு அடிமை ஓலை எழுதித் தந்திருக்கிறான்' என்கிறார். சுந்தரர் ஓலையைப் பிடுங்கிக் கிழித்துப் போடுகிறார். கிழிந்தது படி ஓலை, மூல ஓலை வெண்ணெய்நல்லூரில் இருக்கிறது என்கிறார் கிழவர். வழக்கு அந்த ஊர்ச் சபைக்குப் போகிறது. சபையார் அனுபவம் உண்டா, ஆவணம் உண்டா, சாட்சி உண்டா என்று கேட்கிறார்கள். மூல ஓலையை வாங்கி, பாட்டன் எழுதிய வேறொரு ஓலையோடு கையெழுத்தை ஒத்துப் பார்க்கிறார்கள். சேக்கிழார் சோழ அரசில் அமைச்சராக இருந்தவர். ஆவணம் பார்க்கிற கை அந்தக் கதையில் தெரிகிறது.

எனக்குள் நெடுநாள் ஒரு கேள்வி. எல்லாம் அறிந்தவனுக்கு எதற்கு விசாரணை? முடிவு அவனுக்கு முன்பே தெரியும். சுந்தரர் தோற்கத்தான் போகிறார். கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போயிருக்கலாமே?

உண்மையைக் கண்டுபிடிக்க மட்டும்தான் விசாரணை என்றால் இதற்கு விடை இல்லை. ஆனால் அந்தச் சபையில் இரண்டு காரியங்கள் நடந்தன. உரிமை கோரியவர் கடவுளே ஆனாலும் நடுவர் இருக்கையில் உட்காரவில்லை, சபைக்கு முன்னால் நின்றார். தோற்றவர் எதனால் தோற்றோம் என்பதைத் தெரிந்துகொண்டு தோற்றார். அதனால்தான் அந்தக் கிழவருக்குப் பின்னால் தன் காலால் நடந்து போக அவரால் முடிந்தது.

எங்கள் சாவடியில் நிலத்தை எடுப்பதும் அரசு, விலை வைப்பதும் அரசு. 1894-ஆம் ஆண்டுச் சட்டப்படி கலெக்டர் தரும் தீர்வம் தீர்ப்பே அல்ல, அரசு முன்வைக்கும் விலைதான் என்று எஸ்ரா வழக்கில் பிரிவி கவுன்சில் 1905-லேயே சொல்லிவிட்டது. நியாயமான சபை வேண்டுமென்றால் பிரிவு 18-இன்படி மனுக் கொடுத்து நீதிமன்றத்துக்குப் போக வேண்டியிருந்தது. அதற்கும் ஒரு பூட்டு இருந்தது. 'ஆட்சேபணையுடன் பெற்றுக்கொள்கிறேன்' என்று எழுதாமல் பணத்தை வாங்கிவிட்டால் அந்த வழி அடைபட்டுவிடும். ஆயா அந்த ஒரு சொல் இல்லாமல்தான் கைநாட்டு வைத்தார். நானும் சொல்லவில்லை.

'ஆட்சேபணை உண்டா' என்று எல்லாரிடமும் கேட்டோம். அவர்கள் சொன்னதைக் கேட்கவில்லை. தமிழில் இரண்டுக்கும் ஒரே சொல் இருப்பது எங்களுக்கு வசதியாகப் போயிற்று.

கிழவியின் பழங்கதை என்று நான் விட்டதற்குள் சட்டமும் இருந்தது. பேச்சின் முடிவில் அவர் சொன்னார்: "கிணத்த எடுத்துக்கிறீங்க, சரி. அந்தாண்ட மிச்சம் கிடக்கிற கொல்லிக்கு நான் எங்கேருந்து தண்ணி பாய்ச்சறது?" எடுக்கும் நிலம் பிரிந்து போவதால் மீதி நிலத்துக்கு வரும் நஷ்டத்தையும் இழப்பீட்டில் சேர்க்க வேண்டும் என்று அந்தச் சட்டத்தின் பிரிவு 23 சொன்னது. அதை நான் மனப்பாடமாக ஒப்பிப்பேன். கிணற்றின் கல்லுக்கும் ஆழத்துக்கும் மதிப்பீட்டில் தொகை வந்தது. தண்ணீர் இல்லாமல் போன கொல்லிக்கு ஒன்றும் வரவில்லை.

2013-ஆம் ஆண்டின் புதிய சட்டம் 30 சதவீதமாக இருந்த ஆறுதல் தொகையை 100 ஆக்கியது. 2024-இல் கொல்கத்தா மாநகராட்சி வழக்கில் உச்ச நீதிமன்றம், அரசியல் சாசனத்தின் 300ஏ பிரிவுக்குள் ஏழு உரிமைகளைக் காட்டியது. அறிவிப்புப் பெறுவது, தன் தரப்பைச் சொல்வது, காரணம் காட்டும் முடிவைப் பெறுவது ஆகியவை முதல் மூன்று. பணத்தின் பேச்சு அவற்றுக்குப் பிறகுதான் வருகிறது. வெண்ணெய்நல்லூர்ச் சபையும் இதே வரிசையில்தான் நடந்தது.

கோயிலருகே அந்த வழக்கு நடந்த இடமென்று ஒரு மண்டபத்தைக் காட்டுவார்கள். போன மாதம் அங்கே உட்கார்ந்து ஒரு வெள்ளைத் தாளில் ஆயாவின் வாக்குமூலத்தை எழுதினேன். மூன்று கோடை, வெடி, சொம்புத் தண்ணீர், அந்தாண்டக் கொல்லி, எல்லாவற்றையும் அவர் சொன்ன வரிசையிலேயே. கடைசி வரிக்கு வந்ததும் கை நின்றுவிட்டது.

படித்துக் காட்ட ஆளில்லை.