கூனி தூவி அழைத்த மீன்

2025ஆம் ஆண்டின் தொடக்கத்தில் பிலிப்பைன்ஸின் பொஹோல் மாகாண ஆளுநர், தம் மாகாணக் கடலில் திமிங்கலச் சுறாக்களோடு நீந்தும் சுற்றுலாவை உடனே நிறுத்த உத்தரவிட்டார். இரை போட்டு மீன்களை வரவழைக்கிறார்கள் என்பது அங்கே எழுந்த முக்கியமான புகார். அக்கரையில், செபு தீவின் ஓஸ்லோப் ஊரில், இதே காரியம் 2011 முதல் உள்ளாட்சியின் ஒப்புதலோடு நடந்துவருகிறது. ஒரே கடலுக்கு ஒரு கரையில் தடை, மறுகரையில் நுழைவுச்சீட்டு. விமானச்சீட்டு வாங்கும் முன் பயணி எந்தக் கரையின் நியாயத்தை ஏற்பது?

இரை போட்டு நிறுத்திவைத்த காட்டுயிரைக் காணப் போவது தகாது. அதைத் தயங்காமல் சொல்லிவிடலாம்.

ஓஸ்லோப்பில் நடப்பது இதுதான். விடியற்காலையிலேயே சிறு தோணிகளில் மீனவர்கள் கூனி இறாலை அள்ளிக்கொண்டு கரையோரக் கடலுக்குப் போகிறார்கள். கைப்பிடி கைப்பிடியாக அதைத் தூவ, திமிங்கலச் சுறா வாயைத் திறந்துகொண்டு தோணியின் பின்னாலேயே வருகிறது. நீச்சல் கண்ணாடியும் மூச்சுக்குழலும் மாட்டிய பயணிகளுக்கு அரை மணி நேரம். அவர்கள் கரையேறியதும் அடுத்த கூட்டம் இறங்குகிறது. நண்பகலோடு இரையும் நின்றுவிடும், காட்சியும் முடிந்துவிடும். பாகன் தட்டியதும் காசுக்குத் துதிக்கையை நீட்டும் கோயில் யானையைப் பார்த்துப் பழகிய நமக்கு இந்த ஏற்பாடு புதிதாகத் தோன்றாது.

அந்த மீன் யாரென்று பார்க்க வேண்டும். உலகின் மிகப் பெரிய மீன் அது. 12 மீட்டருக்கு மேலும் வளரும். மிதவை நுண்ணுயிர்களையும் மீன் முட்டைகளையும் வடிகட்டி உண்டு, ஆயிரக்கணக்கான கிலோமீட்டர் அலைந்து திரியும். இனப்பெருக்க வயதை எட்டவே பல பத்தாண்டுகள் ஆகும். 2016இல் பன்னாட்டு இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியம் அதை அழியும் ஆபத்தில் உள்ள இனமாக வகைப்படுத்தியது. ஓஸ்லோப்புக்கு வருபவை பெரும்பாலும் முதிராத இளம் மீன்கள். கடல் முழுக்க அலைய வேண்டியவற்றில் சில, மாதக்கணக்கில் அந்த ஒரே கரையைச் சுற்றிக் கிடக்கின்றன என்று அங்கே ஆய்வு செய்தவர்கள் பதிவு செய்திருக்கிறார்கள். படகு என்றால் தீனி என்று அவை கற்றுக்கொள்கின்றன. அந்தப் பாடத்தோடு வேறு கடலில் விசைப்படகை நெருங்கும் மீனை அப்படகின் சுழலி விசிறி வெட்டக்கூடும். கூட்டம் பெருகிய இடத்தில் பவளப்பாறைகளும் சீர்கெட்டிருக்கின்றன.

உணவு தருவது தருமம்தானே என்று கேட்பவர் உண்டு. மணிமேகலையின் அமுதசுரபி பசித்தவரைத் தேடிப் போனது. பசியாற்றியபின் எவரையும் அம்பலத்தில் நிற்கவைத்து வேடிக்கை காட்டவில்லை. பேகன் மயிலுக்குப் போர்வை ஈந்தான். மயில் அதை உடுத்துமா என்று எண்ணாத கொடை அது என்றே வைத்துக்கொண்டாலும், போர்த்திய மயிலைக் காட்டி அவன் கட்டணம் வாங்கவில்லை. முல்லைக்குத் தேரை விட்ட பாரி தன் பயணத்தைத்தான் இழந்தான், முல்லையின் பாதையை மாற்றவில்லை.

இவர்களையெல்லாம் விட அகநானூற்றுத் தலைவன் ஒருவன் இங்கே பெரிய சாட்சி. காதலியைக் காணக் கார்காலத்தில் விரைந்து வருகிறான். பூவில் தேனுண்ணும் வண்டுகள் அஞ்சிக் கலங்குமே என்று தேர்மணியின் நாவைக் கட்டிவிட்டு வருகிறான். அவனுடைய ஆவலை விடவா நம்முடைய ஆவல் பெரிது? காணும் வேட்கை எவ்வளவு மூண்டாலும் வழியிலுள்ள உயிரைக் கலைக்காமல் போக வேண்டும் என்பதைத் தமிழ் அகத்திணையிலேயே கற்பித்துவிட்டது. திருக்குறளோ அருளுடைமை, இன்னா செய்யாமை, கொல்லாமை என்று அதிகாரம் அதிகாரமாக இதையே பேசுகிறது. இன்னா செய்வது என்றால் அடிப்பதும் அறுப்பதும் மட்டுமா? ஓர் உயிரின் வழக்கத்தையே நம் வசதிக்கு வளைப்பதும் அதில் சேராதா?

மீனவர்களின் பிழைப்பும் இதில் இருக்கிறது, மறுப்பதற்கில்லை. கட்டண வருவாயில் 60 விழுக்காடு மீனவர் சங்கத்துக்கும் 30 நகராட்சிக்கும் 10 ஊராட்சிக்கும் என்று பங்கு பிரித்திருக்கிறார்கள். வலையில் மீன் குறைந்த வீடுகளில் அதனால் அடுப்பு எரிந்தது. ஆயினும் தீது கலவாமல் வந்த பொருளே அறத்தையும் இன்பத்தையும் தரும் என்றவர் வள்ளுவர். அந்தப் பொருளைக் கொண்டுபோய்க் கொடுக்கும் கை பயணியுடையது என்பதை மறக்கக் கூடாது.

வேறு வழியே இல்லையா என்றால், அதே பிலிப்பைன்ஸில் சோர்சோகோன் மாகாணத்து டொன்சோல் இருக்கிறது. 1998இல் நாடு முழுவதும் திமிங்கலச் சுறா வேட்டை தடைசெய்யப்பட்ட ஆண்டிலேயே அங்கே இரை போடாத சுற்றுலா தொடங்கியது. மேற்கு ஆஸ்திரேலியாவின் நிங்கலூவில் சிறு விமானத்திலிருந்து மீனைத் தேடிக் கண்டு படகுக்குச் சொல்கிறார்கள். ஒரு நேரத்தில் 10 பேருக்கு மேல் அதன் அருகே நீந்தக் கூடாது, 3 மீட்டருக்குள் நெருங்கக் கூடாது, தொடக் கூடாது, இரையும் கிடையாது. செலவு கூடுதல்தான். இரை போடாத இடத்தில் மீன் வருவதற்கு உறுதியும் இல்லை. ஆகவே பயணத்தைத் திட்டமிடுகிறவர் படகுக்காரரிடம் முதலில் கேட்க வேண்டியது, "நாளைக்கு மீன் கட்டாயம் வருமா?" என்பதுதான். கட்டாயம் வரும் என்று உறுதி சொல்பவரிடம் பணம் கட்டக் கூடாது. டொன்சோலில் மீன் வரத்து மிகவும் குறைந்த பருவங்களும் உண்டு. அங்கே போகிறவர் வெறுங்கடலைப் பார்த்துவிட்டுத் திரும்புவதற்கும் மனத்தைத் தேற்றிக்கொண்டுதான் படகேற வேண்டும்.